மூன்றாம் அறைக்கு ஒரு நாற்காலி

டாக்டர் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு அவள் இடது காலை வெளிச்சத்துக்குத் திருப்பிப் பார்த்தார். முழங்காலுக்குக் கீழே நரம்புகள் நீலமாகச் சுருட்டிக்கொண்டு கிடந்தன. கணுக்காலுக்கு மேலே ஒரு புண், ஐந்து மாதமாக ஆறவில்லை.

“நின்னுக்கிட்டே பாக்குற வேலையா?”

“ஆமாங்க டாக்டர். அருங்காட்சியகத்துல காவல். எட்டு மணி நேரம் நிக்கணும்.”

“நடுவுல உட்கார ஒரு நாற்காலிகூடவா இல்ல அங்க?”

“நானூத்திப் பன்னண்டு இருக்குங்க.”

டாக்டர் கண்ணாடியை மூக்குக்கு இறக்கினார். அவள் விளக்கிச் சொன்னாள். அது நாற்காலிகளுக்காகவே உள்ள அருங்காட்சியகம். பேர் போன நாற்காலிகளை எல்லாம் தேடிக் கொண்டுவந்து மேடைமேல் வைத்திருக்கிறார்கள். பார்க்கலாம். தொடக் கூடாது. உட்காருவது பற்றிப் பேச்சே கிடையாது.

“அதுல உட்கார வேண்டாம்மா. சாதாரணமா ஒண்ணு போடச் சொல்லுங்க. மணிக்கு இருபது நிமிஷம் உட்கார்ந்தே ஆகணும். இல்லேன்னா ஒரு நாள் இந்த நரம்பு வெடிச்சு ரத்தம் கொட்டும். அன்னிக்கு என்கிட்ட வந்து சேர உங்களுக்கு நேரம் இருக்காது.”

சொல்லிவிட்டுக் காகிதத்தில் எழுதிக் கொடுத்தார்: ‘இவர் உட்கார ஒரு நாற்காலி தரவும்.’ ஐந்தே சொல். அதில் ஒரு சொல்தான் பிறகு நடந்த எல்லாவற்றுக்கும் காரணமாயிற்று.

அந்த நிறுவனத்தில் காவலர்களுக்குப் பெயர் உண்டு. ஆனால் யாரும் அதைச் சொல்லிக் கூப்பிடுவதில்லை. அறை எண்தான் பெயர். அவள் மூன்றாம் அறை. எஃகுக் குழாய், வளைத்த ஒட்டுப்பலகை, கம்பி வலை, பிளாஸ்டிக் என்று போன நூற்றாண்டின் நாற்காலிகள் முப்பத்தெட்டு அவள் பொறுப்பில் இருந்தன. சைக்கிள் கைப்பிடியைப் பார்த்து ஒருவருக்குத் தோன்றியதாகச் சொல்லப்படும் குழாய் நாற்காலி. பின்னங்கால் இல்லாமல் முன்னங்காலை மட்டும் ஊன்றிக்கொண்டு ஆளைத் தாங்குகிற நாற்காலி. முட்டை ஓட்டைப் பாதியாக உடைத்து நிறுத்தியது போல ஒன்று. சிவப்புப் பலகையும் நீலப் பலகையுமாகப் பார்த்தாலே முதுகு வலிக்கிற ஒன்று. பதினோரு வருடம் நின்று பார்த்ததில் எது இடுப்பைத் தாங்கும், எது தொடையை அறுக்கும் என்பது அவளுக்கு அத்துப்படி. ஒன்றில்கூட உட்கார்ந்தது இல்லை.

அவள் நிற்க வேண்டிய இடத்தைத் தரையில் மஞ்சள் வட்டம் போட்டுக் காட்டியிருந்தார்கள். வட்டத்துக்குப் பக்கத்தில் ஒட்டுப்பலகை நாற்காலி. அதன் குறிப்புப் பலகை சொன்னது: ‘உழைக்கும் மக்கள் அனைவரும் வசதியாக அமர வேண்டும் என்ற கனவில் பிறந்தது.’ ஒரு நாளைக்கு எத்தனை முறை அதைப் படித்திருப்பாள் என்று கணக்கில்லை.

டாக்டர் கொடுத்த காகிதத்தை அவள் மேற்பார்வையாளரிடம் நீட்டினாள். அவர் படித்தார். எழுந்துபோய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார்.

“நாற்காலிக்கு ஆசையா? யார் சொல்லிக் குடுத்து வந்தே? நான் இந்த இடத்துக்கு வர பதினாறு வருஷம் ஆச்சு, தெரியுமா?”

“ஐயோ, உங்க நாற்காலி வேணாம் சார். உட்காருற நாற்காலி.”

அவர் மறுபடி படித்தார். தன் பதவிக்கு ஆபத்தில்லை என்று தெரிந்ததும் முகம் தெளிந்தது. உடனே இன்னொரு கவலை வந்து ஒட்டிக்கொண்டது. நாற்காலி என்ற சொல் உள்ள எந்தக் காகிதமும் சேகரிப்புத் துறைக்குத்தான் போக வேண்டும் என்பது அங்கே விதி. விதியை மீறி ஒரு நாற்காலியைத் தானாகத் தருவதற்கு அவர் என்ன பைத்தியமா? முத்திரை குத்தி அனுப்பிவிட்டார்.

ஒன்பது நாள் கழித்துச் சேகரிப்புத் துறைத் தலைவி அவளைக் கூப்பிட்டார். மென்மையாகப் பேசுகிற அம்மையார். அவள் கையையே பிடித்துக்கொண்டார்.

“எவ்வளவு சந்தோஷமா இருக்கு தெரியுமா? ஒரு காவலரே ஒரு நாற்காலியை முன்மொழியறது நம்ம வரலாற்றுலயே முதல் தடவை. எந்த நாற்காலி?”

“ஏதாவது ஒண்ணுங்கம்மா.”

“அப்படிச் சொல்லக் கூடாது. படிவம் இருக்கு. நானே கேட்டு எழுதிக்கறேன்.”

பதினான்கு பக்கப் படிவம். வடிவமைப்பாளர் யார் என்ற கேள்விக்கு அவள், “யாரா இருந்தாலும் சரிங்க” என்றாள். அம்மையார் ‘பெயர் அறியப்படாதவர்’ என்று எழுதிக்கொண்டார். கால்கள் எத்தனை என்று கேட்டார். நாலு என்றாள் அவள். “நாலுதானா?” என்ற அம்மையாரின் முகத்தில் லேசான ஏமாற்றம். கடைசிக் கேள்வி நீளமாக இருந்தது: ‘இந்த நாற்காலி, அமர்தல் குறித்த நமது புரிதலை எவ்விதம் மாற்றியமைக்கிறது?’

அவள் யோசித்துச் சொன்னாள்: “உட்கார்ந்தா கால் வலிக்காதுங்க.”

பேனா நின்றது. அம்மையார் அவளைப் புதிதாகப் பார்ப்பது போலப் பார்த்தார். பிறகு ஒரு எழுத்தும் மாற்றாமல் அதை அப்படியே எழுதிக்கொண்டார்.

விண்ணப்பம் உயர்நிலைக் குழுவுக்குப் போயிற்று. குழுக் கூட்டத்துக்கு அவளையும் வரச் சொன்னார்கள். நீள மேசையைச் சுற்றிச் சக்கரம் வைத்த தோல் நாற்காலிகள் ஒன்பது. உறுப்பினர்களும் ஒன்பது பேர். அவள் கதவோரம் நின்றாள். வயதான ஒரு உறுப்பினருக்கு மட்டும் அது உறுத்தியது.

“இவங்களுக்கு ஒரு நாற்காலி கொண்டு வரச் சொல்லலாமே?”

“எப்படிங்க?” என்றார் இயக்குநர். “அவங்களுக்கு நாற்காலி குடுக்கலாமா வேணாமான்னு முடிவு பண்ணத்தான் கூடியிருக்கோம். இப்பவே உட்கார வெச்சுட்டா முன்கூட்டியே தீர்ப்பு சொன்ன மாதிரி ஆயிடும்.”

அந்த உறுப்பினர் அதிலுள்ள நியாயத்தை ஒப்புக்கொண்டார்.

இயக்குநர் அவள் பக்கம் திரும்பினார். “நாற்காலி வேணும்னு ஒத்தைக்கால்ல நிக்கறீங்களாமே?”

“இல்ல சார், ரெண்டு கால்லயும்தான் நிக்கறேன். அதான் வலிக்குது.”

குறிப்பெடுத்தவர் ‘விண்ணப்பதாரர் தம் நிலையில் உறுதியாக நின்றார்’ என்று பதிவு செய்தார். பிறகு இயக்குநர் பேசினார். உரை என்று தொடங்கிவிட்டால் அவருக்கு மேடைத் தமிழ்தான் வரும்.

“நண்பர்களே, ஒரு நாற்காலி எப்போது நாற்காலி ஆகிறது? அதில் எவரும் அமராதபோது. அமர்ந்த கணமே நாற்காலி மறைந்துவிடுகிறது. தெரிவது அமர்ந்தவர் மட்டுமே. இந்த முப்பது ஆண்டுகளில் நம் அருங்காட்சியகத்தில் ஒரு நாற்காலிகூட மறைந்ததில்லை என்பதை நான் பெருமையோடு சொல்வேன். அதற்குக் காரணம் யார்? நம் காவலர்கள். தாங்கள் நின்று, நாற்காலிகளைக் காத்தவர்கள். அவர்கள் சொந்தக் காலில் நிற்பவர்கள். அந்தப் பெருமையை அவர்களிடமிருந்து பறிக்க எனக்கு மனம் வரவில்லை.”

மேசையைத் தட்டினார்கள். அவளுக்கும் ஒரு நிமிடம் பெருமையாகத்தான் இருந்தது. அப்புறம் கால் நினைவுக்கு வந்துவிட்டது.

இரண்டு மணி நேரம் விவாதித்தார்கள். சுமாரான நாற்காலி ஒன்றைக் கூடத்தில் போட்டால் பார்வையாளர்கள் அதையும் காட்சிப் பொருள் என்று எண்ணி ஏமாறுவார்கள். நல்ல நாற்காலியாகப் போட்டால் அது காட்சிப் பொருளேதான், அதில் யாரும் உட்காரக் கூடாது. சுமாராகவும் இல்லாமல் நன்றாகவும் இல்லாமல் ஒரு நாற்காலி உலகத்தில் இருக்கிறதா என்று கண்டறிய ஆய்வுக் குழு அமைத்தார்கள். அறிக்கை பதினெட்டு மாதத்தில் வரும். அதுவரை காவலர் நலனைக் கருதி ‘நிற்பது எப்படி’ என்று ஒரு பயிற்சி வகுப்பு நடத்தத் தீர்மானித்தார்கள்.

பயிற்சி அடுத்த வாரமே நடந்தது. வெளியிலிருந்து வந்த நிபுணர் எடையை இரண்டு காலுக்கும் பகிர்ந்து தருவது பற்றி மூன்று மணி நேரம் விளக்கினார். உட்கார்ந்துகொண்டு விளக்கினார். காவலர்கள் பதினோரு பேரும் நின்று கேட்டார்கள். முடிவில் சான்றிதழ் கொடுத்தார்கள்.

அவள் வீட்டில் நாலு பேர். அவள் கணவர் பேருந்து ஓட்டுநர். மகள் பள்ளி இறுதி வகுப்பு. நாத்தனார் ஆஸ்பத்திரியில் வார்டு உதவியாளர், கணவரைப் பிரிந்து வந்து இவர்களோடு இருப்பவள். சாப்பாட்டு மேசையைச் சுற்றி வெள்ளைப் பிளாஸ்டிக் நாற்காலிகள் நாலு. சாயங்காலம் அவள் சான்றிதழை மேசைமேல் வைத்தாள்.

“நிக்கறதுக்கு சர்ட்டிபிகேட்டா?” கணவர் அதை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். “எனக்கு முதுகு போச்சு, உட்காராதீங்கறார் டாக்டர். உனக்குக் கால் போச்சு, உட்காருங்கறார். பேசாம வேலையை மாத்திக்கலாமா?”

“உனக்கு எல்லாம் விளையாட்டுதான் அண்ணா,” என்றாள் நாத்தனார். அண்ணியின் காலில் இருந்த கட்டுத்துணியை அவிழ்த்துப் புண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தாள். “அண்ணி, இது பெருசாயிட்டு வருது. பதினெட்டு மாசம் அவங்க ஆராய்ச்சி பண்ணட்டும். நீங்க இந்த நாற்காலில ஒண்ணைத் தூக்கிட்டுப் போங்க. ரத்தம் கித்தம் வந்துச்சுன்னா உடனே காலை மேல தூக்கி வெச்சு அழுத்திப் பிடிக்கணும், மறந்துடாதீங்க.”

“கேட்காம எடுத்துட்டுப் போனா என்ன சொல்வாங்களோ.”

“கேட்டீங்கல்ல? என்ன குடுத்தாங்க? இந்தக் காகிதம்.”

மறுநாள் காலை கணவர் ஓட்டும் பேருந்திலேயே நாற்காலியை ஏற்றினார்கள். பேருந்தில் கூட்டம். ஓட்டுநர் பக்கத்தில் போட்ட அந்த நாற்காலியில் இரண்டு பைகளோடு வந்த ஒரு பெரியவர் ஐந்து நிறுத்தம் வரை உட்கார்ந்து வந்தார். இறங்கும்போது நல்ல நாற்காலி என்று சொல்லிவிட்டுப் போனார்.

காலை பத்து மணிக்கு மஞ்சள் வட்டத்துக்குள் நாற்காலியைப் போட்டு அவள் உட்கார்ந்தாள். பதினோரு வருடத்தில் முதல் தடவை. ரத்தம் கீழிருந்து மேலே போவது தெரிந்தது. அந்த உயரத்திலிருந்து கூடமே வேறு மாதிரி இருந்தது. பார்வையாளர்களின் முகத்துக்குப் பதிலாக அவர்கள் முழங்கால்கள் தெரிந்தன. எல்லாரும் ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு எடையை மாற்றிக்கொண்டே நாற்காலிகளைப் பார்க்கிறார்கள் என்பதை அன்றுதான் கவனித்தாள்.

முப்பத்தைந்து நிமிடம் கழித்துக் கையுறை வந்தார். பொருள் பாதுகாப்பு அலுவலர் அவர். எப்போதும் வெள்ளைக் கையுறையோடு இருப்பதால் எல்லாருக்கும் அவர் கையுறைதான். சாப்பிடும்போதுகூட அவர் அதைக் கழற்றி யாரும் பார்த்ததில்லை.

“எழுந்திரிங்க,” என்றார் தணிந்த குரலில். “மெதுவா. அதை அசைக்காதீங்க.”

அவள் பயந்து எழுந்தாள். அவர் குனிந்து நாற்காலியைச் சுற்றி வந்தார்.

“இதோட எண் எங்க?”

“எண் இல்லைங்க சார். இது எங்க வீட்டு நாற்காலி.”

“கூடத்துல எண் இல்லாத நாற்காலி இருந்தா எண்ணைத் தொலைச்ச நாற்காலின்னு அர்த்தம். விதி இருபத்தொண்ணு.” அவர் நாற்காலியின் காலில் ஒரு அட்டையைக் கட்டினார். “பதினாலு நாள் குளிர் அறைல வைக்கணும். பூச்சி இருக்கும்.”

“பிளாஸ்டிக்ல என்ன சார் பூச்சி?”

“இப்படி எல்லாரும் சொன்ன நாற்காலிங்கதான்மா எங்களை விட்டுப் போயிருக்கு.” உண்மையான துக்கத்தோடு சொல்லிவிட்டு, இரண்டு கையாலும் அதை ஏந்திக்கொண்டு போனார். இவ்வளவு மரியாதையாக அந்த நாற்காலியை யாரும் தூக்கியதில்லை. அவர்கள் வீட்டில் காலால்தான் தள்ளுவார்கள்.

பதினைந்தாவது நாள் நாற்காலியைத் திருப்பிக் கேட்கப் போனாள். சேகரிப்புத் துறைத் தலைவியின் கண்கள் கலங்கியிருந்தன.

“எவ்வளவு பெரிய தவறு நடந்திருக்கு பாருங்க. உலகத்துல எங்க போனாலும் இந்த நாற்காலி இருக்கு. ஒரே அச்சுல, ஒரே பிளாஸ்டிக்ல, ரெண்டு நிமிஷத்துல ஒண்ணு வந்து விழுது. இதுல உட்காராத ஆள் கிடையாது. நம்ம நானூத்திப் பன்னண்டுல இது இல்லாம இருந்திருக்கு! கிடங்குல எப்படியோ எண் இல்லாம கிடந்திருக்கு. நல்லவேளை, கண்டுபிடிச்சுட்டோம்.”

“அம்மா, அது என் நாற்காலி.”

அம்மையார் புன்னகை செய்தார். “அதேதான்! யார் பார்த்தாலும் அப்படித்தான் தோணும். இது எங்க வீட்டு நாற்காலியாச்சேன்னு. அதுதான் இதோட வெற்றி.”

“இல்லைங்கம்மா, நிஜமாவே...”

“நிஜமாவேதான்,” என்றார் அம்மையார், இன்னும் கனிவாக. அந்த வாக்கியத்தையும் குறித்துக்கொண்டார்.

நாற்காலிக்கு எண் நானூற்றுப் பதின்மூன்று. மூன்றாம் அறையின் நடுவில், குழாய் நாற்காலிக்குப் பக்கத்தில், முழங்கால் உயர மேடை. மேலே தனி விளக்கு. அது விலை மதிக்க முடியாதது, கூடுதல் கவனம் தேவை என்று மஞ்சள் வட்டத்தை அழித்து மேடையை ஒட்டிப் புதிதாக வரைந்தார்கள். அவள் தன் நாற்காலியின் பக்கத்தில் எட்டு மணி நேரம் நின்றாள். வீட்டில் இப்போது மூன்று நாற்காலி. சாப்பிடும்போது யாராவது ஒருவர் நிற்க வேண்டியிருந்தது. மகள் ஜன்னல் விளிம்பில் சாய்ந்துகொண்டு சாப்பிடப் பழகினாள்.

கணவருக்கு நம்பிக்கை வரவில்லை. விடுப்பு நாளில் சீட்டு வாங்கிக்கொண்டு வரிசையில் நின்று உள்ளே வந்தார். குறிப்புப் பலகையைச் சத்தமாகப் படித்தார்.

“‘பின் இடது காலில் செம்புக் கம்பியால் இடப்பட்ட தையல், பொருளுக்கும் பயனருக்கும் இடையே நிகழ்ந்த மென்மையான உரையாடல்.’ இது நான் கட்டின கம்பி! மென்மையாவா? அன்னிக்கு நான் பேசினதை எழுதினா இந்தப் பலகை தாங்காது.”

“மெதுவா பேசுங்க. எல்லாரும் பாக்குறாங்க.”

“‘பார்ப்பவர் ஒவ்வொருவரும் இது தம்முடையது என்றே எண்ணுவர்.’” அவர் தலையைச் சொறிந்தார். “என்ன இது, முன்னாடியே தெரிஞ்சு எழுதியிருக்காங்க?” பிறகு பலகையை விட்டுவிட்டு அவள் காலைப் பார்த்தார். காலணியின் வாய்வரை வீங்கியிருந்தது. “ஏன்மா, வேலையை விட்டுடேன்.”

“விட்டுட்டு? அவ படிப்பு இருக்கு. உங்க முதுகு எத்தனை நாளைக்கு ஓட்டும்?”

அவர் தொடக் கூடாது என்ற கயிற்றுக்கு இப்பால் நின்று கொஞ்ச நேரம் தன் நாற்காலியைப் பார்த்துவிட்டுப் போனார்.

நானூற்றுப் பதின்மூன்றாம் எண்ணின் தொடக்க விழாவுக்கு நூற்று ஐம்பது பேர் வந்தார்கள். கூடத்தில் இருக்கை போட முடியாது என்பதால் விருந்தினர்களும் நின்றார்கள். இயக்குநர் ஒலிபெருக்கிக்கு முன்னால் நின்று நாற்பது நிமிடமாகப் பேசிக்கொண்டிருந்தார்.

“இதோ, மக்களின் நாற்காலி! இதற்கு முன்னால் மன்னன் இல்லை, ஏவலன் இல்லை. கால் வலிக்கிறது என்று வந்தவர் எவரையும் ‘நீ யார்’ என்று இது கேட்டதில்லை. இப்படிப்பட்ட நாற்காலியை இனி எவரும் அமர்ந்து கெடுக்க முடியாதபடி நாம் காப்பாற்றிவிட்டோம்.”

கைதட்டல் எழுந்தபோது அவள் காலில் சூடாக ஏதோ இறங்கியது. குனிந்து பார்த்தாள். காலுறை சிவந்துகொண்டிருந்தது. காலணிக்குள் ஈரம் நிரம்பியது. பக்கத்தில் நின்ற மேற்பார்வையாளரின் கையைத் தொட்டாள்.

“சார், ரத்தம்.”

“பேச்சு முடியட்டும்,” என்றார் அவர், முகத்தை இயக்குநர் பக்கமே வைத்துக்கொண்டு.

அவளுக்குக் கண் இருட்டியது. மகளின் முகம் வந்தது. நாத்தனார் சொன்னது காதில் கேட்டது. கயிற்றைத் தூக்கிவிட்டு மேடைமேல் ஏறினாள். தன் நாற்காலியில் உட்கார்ந்தாள். காலை மேலே தூக்கி வைக்க ஏதாவது வேண்டும். பக்கத்தில் குழாய் நாற்காலி இருந்தது. அதன் தோல் இருக்கையில் இடது காலை வைத்தாள். கைக்குட்டையை வைத்து அழுத்தினாள். எச்சரிக்கை மணி கூடம் முழுக்க அலறியது.

விருந்தினர்கள் கைதட்டினார்கள். இதுவும் நிகழ்ச்சியில் ஒரு பகுதி என்று நினைத்திருந்தார்கள். இயக்குநர் திரும்பிப் பார்த்தார். ஒரு கணம் திகைத்தார். கைதட்டல் நிற்காததால் அவரும் மெல்லத் தட்டினார்.

கையுறை மட்டும் ஓடி வந்தார். அவர் குழாய் நாற்காலியைக் காப்பாற்றத்தான் ஓடி வந்தார் என்பதில் சந்தேகமில்லை. அந்தத் தோலுக்கு எண்ணெய் போடவே தனியாக ஒரு பஞ்சு வைத்திருப்பவர். அருகில் வந்தவர் கைக்குட்டை முழுதும் நனைந்திருப்பதையும் அவள் உதடு வெளுத்திருப்பதையும் பார்த்தார். இரண்டு கையுறைகளையும் உருவினார். சுருட்டி அவள் காலில் வைத்து வெறும் கையால் அழுத்திக்கொண்டு மண்டியிட்டார். அவருக்கு விரல் நகங்கள் இருப்பதை அங்கே வேலை பார்த்தவர்கள் அன்றுதான் பார்த்தார்கள்.

“வண்டி கூப்பிடுங்கய்யா!” என்று கத்தினார். “நிஜ ரத்தம்யா இது!”

கைதட்டல் அதன் பிறகுதான் நின்றது.

ஆஸ்பத்திரியில் நாலு நாள் இருந்தாள். அரை மணி நேரம் தாமதித்திருந்தால் அவ்வளவுதான் என்று டாக்டர் சொன்னார். நாத்தனார் வேறு வார்டிலிருந்து மாற்றிக்கொண்டு வந்து கூடவே இருந்தாள். ஐந்தாம் நாள் வீட்டுக்கு ஒரு கடிதம் வந்தது. நலம் விசாரித்திருப்பார்கள் என்று மகள் பிரித்தாள். குற்றச்சாட்டு: எண் நானூற்றுப் பதின்மூன்றில் அமர்ந்தது, குழாய் நாற்காலியைக் கால்மணையாகப் பயன்படுத்தியது. ஏன் பணிநீக்கம் செய்யக் கூடாது என்று நேரில் விளக்க வேண்டும்.

விசாரணையில் இயக்குநர், தலைவி, மேற்பார்வையாளர் மூவரும் உட்கார்ந்திருந்தார்கள். கையுறை சாட்சி. கட்டுப் போட்ட காலோடு அவள் நின்றாள்.

“காட்சிப் பொருளில் அமர்ந்தீர்களா, இல்லையா?” என்றார் இயக்குநர்.

“என் நாற்காலில உட்கார்ந்தேன் சார்.”

“மறுபடியும் அதையே...” என்று தலைவி சிரிக்கத் தொடங்கினார்.

“கவுத்துப் பாருங்கம்மா. அடிப்பக்கம் என் பொண்ணு பேரு, வகுப்பு, பிரிவு எல்லாம் நகப்பூச்சுல எழுதியிருக்கும். சிவப்பு. ஏழாவது படிக்கும்போது எழுதினா.”

எல்லாரும் கையுறையைப் பார்த்தார்கள். அவர் தொண்டையைச் செருமினார்.

“இருக்குங்க. குளிர் அறைல வைக்கறப்பவே பாத்தேன். யாரோ முக்கியமான வடிவமைப்பாளரோட கையெழுத்துன்னு அறிக்கைல எழுதியிருக்கேன். ‘ஏழாம் வகுப்பு ஆ பிரிவு’ங்கறது ஏதோ கலை இயக்கம்னு நினைச்சோம்.”

அம்மையார் கைப்பையைத் திறந்து எதையோ தேடினார். இயக்குநர் எழுந்து ஜன்னல் வரை போய்த் திரும்பினார். நாற்காலி அவளுடையது இல்லை என்றால் அவள் குற்றவாளி. அவளுடையது என்றால், ஊழியர் ஒருவர் வீட்டுச் சாமானை எடுத்து வைத்துக்கொண்டு விழா எடுத்த நிறுவனம் குற்றவாளி. விழா மலரோ அச்சாகி எல்லா நூலகத்துக்கும் போய்விட்டது. அவர் மேடைத் தமிழை விட்டு இறங்கி வந்தார்.

“சரிம்மா. நடந்தது நடந்துபோச்சு. நீங்க அதை எங்களுக்குக் கொடையா குடுத்ததா ஒரு கையெழுத்து போட்டுடுங்க. குற்றச்சாட்டை நாங்க கிழிச்சுடறோம்.”

“நாற்காலியைத் திருப்பிக் குடுத்துடுங்களேன் சார். வீட்டுல சாப்பிட உட்கார இடம் இல்ல.”

“சேகரிப்பிலிருந்து ஒரு பொருளை நீக்க ஏழு வருஷம் ஆகும்.”

“அப்ப எனக்கு உட்கார?”

“அதுக்குத்தான் ஆய்வுக் குழு இருக்கே!” என்றார் இயக்குநர், அவள் மறந்துவிட்டாளே என்ற வருத்தத்தோடு.

வேலை வேண்டும். கையெழுத்துப் போட்டாள். பெயர் எழுத வேண்டிய இடத்தில் மேற்பார்வையாளரே பழக்கத்தில் பூர்த்தி செய்திருந்தார். குறிப்புப் பலகையில் இப்போது ஒரு வரி கூடியிருக்கிறது: ‘கொடை: மூன்றாம் அறை.’ ஒரு அறை எப்படி நாற்காலி கொடுக்கும் என்று இதுவரை பார்வையாளர் யாரும் கேட்டதில்லை.

வெளியே வந்து சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அழுகை வரும்போல இருந்தது. பின்னாலேயே கையுறை வந்தார். புதுக் கையுறை போட்டிருந்தார்.

“ஒண்ணு சொல்றேன், கேளுங்க. நீங்க பண்ணின தப்பு என்ன தெரியுமா? நாற்காலின்னு எழுதினது. அந்தச் சொல்லை இந்தக் கட்டடத்துல எழுதவே கூடாது. எழுதினா அது சேகரிப்புக்குப் போகும், ஆய்வுக்குப் போகும், எங்கிட்ட வரும். நான்கூட விதிப்படிதான் நடக்கணும்.”

“வேற என்னன்னு சார் எழுதறது?”

அவர் சுற்றுமுற்றும் பார்த்தார். “ஏணி.”

“ஏணியா?”

“அலுமினிய மடக்கு ஏணி. நாலு படி. ரெண்டாவது படி அகலமா இருக்கும். ஏணிக்குக் குழு கிடையாது. பராமரிப்புப் பிரிவு, ரெண்டு வரிப் படிவம். எதுக்குன்னு கேட்டா ‘உயரத்துக்கு’ன்னு போடுங்க.”

அவள் மதியம் பன்னிரண்டு மணிக்குப் படிவம் கொடுத்தாள். இரண்டரை மணிக்கு ஏணி வந்துவிட்டது. கொண்டுவந்தவர் எங்கே வைக்கணும் என்று மட்டும் கேட்டார். மஞ்சள் வட்டத்துக்குள் விரித்து வைத்துவிட்டுப் போனார். இரண்டாவது படி அவள் உட்காருவதற்குச் சரியான உயரத்தில் இருந்தது. முதல் படியில் காலை வைத்துக்கொள்ளவும் முடிந்தது.

மணிக்கு இருபது நிமிடம் அவள் அதில் உட்கார்ந்தாள். மேற்பார்வையாளர் பத்துத் தடவை அதைத் தாண்டிப் போனார். ஏணி இருந்தால் ஏதோ வேலை நடக்கிறது என்று அர்த்தம், நடக்கிற வேலையைத் தடுத்தால் கேள்வி வரும். அதனால் பேசாமல் போனார். இயக்குநர் ஒரு முறை நின்று மேலே கூரையைப் பார்த்தார்.

“என்ன வேலை?”

“விளக்குங்க சார்.”

“நல்லது, நல்லது. கவனமா பாருங்க,” என்று சொல்லிப் போனார்.

பத்தாவது வாரத்தில் புண் ஆறியது. டாக்டர் கண்ணாடியை ஏற்றி இறக்கிப் பார்த்துவிட்டு, “நாற்காலி குடுத்துட்டாங்களா?” என்றார். அவள் ஆமாம் என்று தலையாட்டினாள். விளக்கப் போனால் அடுத்த நோயாளி காத்திருக்க வேண்டி வரும்.

விஷயம் மற்ற காவலர்களுக்குப் பரவ ரொம்ப நாள் ஆகவில்லை. ஐந்தாம் அறை ஒரு ஏணி கேட்டார். பிறகு ஒன்றாம் அறை. இரண்டு மாதத்தில் பதினோரு அறையிலும் பதினோரு ஏணி. ஆண்டு விழாவில் இயக்குநர், நம் நிறுவனத்தில் பராமரிப்புக்குத் தரப்படும் முக்கியத்துவத்தைப் பார்வையாளர்கள் கூடத்துக்குக் கூடம் நேரில் காணலாம் என்று பெருமையாகக் குறிப்பிட்டார். ஆய்வுக் குழு பதினெட்டு மாதம் கழித்து அறிக்கை தந்தது. காவலர் உட்காருவதற்கு ஏற்ற நாற்காலி இதுவரை வடிவமைக்கப்படவில்லை என்பதே அதன் முடிவு.

அறிக்கை வந்த வாரத்தில் ஒரு நாள் மதியம், வயிற்றுப் பிள்ளைக்காரி ஒருத்தி தனியாக மூன்றாம் அறைக்குள் வந்தாள். எட்டு மாதம் இருக்கும். இடுப்பில் கையை ஊன்றிக்கொண்டு ஒவ்வொரு நாற்காலியாகப் பார்த்தாள். முட்டை ஓட்டு நாற்காலி, வலை நாற்காலி, ஒட்டுப்பலகை நாற்காலி. குறிப்புப் பலகைகளைப் படிக்கவே இல்லை. கடைசியில் காவலரிடம் வந்து நின்றாள்.

“அக்கா, இங்க எங்கயாவது உட்கார இடம் இருக்குமா?”

அவள் ஏணியிலிருந்து எழுந்தாள். இரண்டாவது படியைக் கைக்குட்டையால் துடைத்தாள்.

“இதுல உட்காரும்மா.”

“இதுலயா? யாராச்சும் ஏதாவது சொல்ல மாட்டாங்களா?”

“சொல்ல மாட்டாங்க. இது நாற்காலி இல்ல.”

அந்தப் பெண் கைப்பிடியைப் பற்றிக்கொண்டு மெல்ல இறங்கி உட்கார்ந்தாள். பெரிதாக மூச்சு விட்டாள். செருப்பைக் கழற்றிவிட்டு வீங்கிய பாதங்களை முதல் படியில் வைத்துக்கொண்டாள். மூன்றாம் அறை பக்கத்தில் நின்று, யாரும் வருகிறார்களா என்று வாசலைப் பார்த்துக்கொண்டாள்.